சொட்டாத எண்ணெய்

அத்தியாயம் 4

வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு, அந்த வாரத்தில் மூன்றாவது முறையாக, டோரின் அதே காரின் அடிவயிற்றை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றான். லிஃப்டில் தலைக்கு மேலே தொங்கிய அந்தச் சின்னக் கார் தன்னைப் பார்த்துச் சிரிப்பது போல அவனுக்கு இருந்தது. இரண்டு நாளாக அவனுக்கு எல்லாமே அப்படித்தான் இருந்தது. காலையில் சவரக் கண்ணாடிகூட.

நாலு சக்கரமும் இழுக்கும் வண்டி அது. அரியேஷ் ஆற்றங்கரையிலிருந்து மலைக்கு ஏறுகிற பாதைகளில், பனி விழ ஆரம்பித்துவிட்டால் அப்படி ஒரு வண்டி இல்லாமல் பால்காரன்கூட வெளியே வரமாட்டான். வண்டிக்குக் குறை என்று ஒன்றே ஒன்றுதான். அது முனகியது. மணிக்கு ஐம்பதைத் தொட்டதும் ஆரம்பித்து, எழுபதில் பல்வலிக்காரனைப் போல இழுத்து இழுத்து முனகியது. ஸ்டியரிங்கை இடம் ஒடித்தாலும் வலம் ஒடித்தாலும் ஒரே ராகம். முதலில் வேறொரு பட்டறையில் இடது பின் சக்கரத்துப் பேரிங்கை மாற்றினார்கள். முனகல் போகவில்லை. வண்டி இங்கே வந்தது. டோரின் வலது பின் சக்கரத்துப் பேரிங்கை மாற்றினான். முனகல் அப்போதும் போகவில்லை. புதுப் பேரிங் போட்ட மரியாதைக்காக இன்னும் கொஞ்சம் கூடுதலாக முனகுகிறதோ என்றுகூட அவனுக்குச் சந்தேகம்.

வண்டிக்காரி ரஃபீலா, பட்டறை மூலையில் கிடந்த பழைய கார் சீட்டில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். முப்பத்து நாலு வயது, நர்ஸ் வேலைக்குப் படித்தவள். படிப்புக்கு ஊரில் வேலை இல்லாததால் வருஷத்துக்கு ஐந்து மாதம் இத்தாலியில் யாரோ ஒரு கிழவருக்கு மருந்து எடுத்துக் கொடுத்துக்கொண்டும், ஒன்பது வயது மகளைத் தொலைபேசியில் வளர்த்துக்கொண்டும் இருந்தாள். இப்போது மலைமேல் இருக்கும் ஏழு குடியிருப்புகளுக்கும் போய்வர ஒரு நர்ஸ் வேண்டும் என்று ஊராட்சி அறிவித்திருந்தது. நிபந்தனை ஒன்று: சொந்தமாக நாலு சக்கரமும் இழுக்கும் நல்ல வண்டி இருக்கவேண்டும். வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு ஆய்வாளர் வருவார், வண்டியில் ஏறி உட்கார்ந்து மலைக்குப் போய்ப் பார்ப்பார். வண்டி தேறாவிட்டால் இந்த வருஷத்துக்கு அந்த வேலையே கிடையாது. இத்தாலிக்காரர் வீட்டில் வருகிறாயா இல்லையா என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். பஸ் ஞாயிற்றுக்கிழமை.

இதையெல்லாம் அவள் திங்கட்கிழமையே ஒரு தரம் சொல்லிவிட்டாள். அப்புறம் வாயைத் திறக்கவில்லை. டோரினுக்கு அதுதான் தாங்கவில்லை. திட்டுகிற வாடிக்கையாளரைச் சமாளித்துவிடலாம்; பேசாமல் மணியைப் பார்க்கிறவரை என்ன செய்வது?

வெத்தூரியா அப்போதுதான் உள்ளே வந்தாள். பட்டறைக்குச் சொந்தக்காரி. இருபத்தாறு வருஷம் காப்பீட்டுக் கம்பெனிக்காக அடிபட்ட கார்களைச் சுற்றிச் சுற்றி வந்து, எந்தக் காரின் உரிமையாளர் பொய் சொல்கிறார் என்று காரிடமே கேட்டுச் சொன்னவள். ஓய்வு பெற்றதும் இந்த ஒற்றை லிஃப்ட் பட்டறையைத் திறந்தாள். கையில் கறை படுவது டோரினுக்கு, கேள்வி கேட்பது அவளுக்கு என்று வேலை பிரிந்திருந்தது. நியாயமான பிரிவினை என்று அவள் மட்டும் சொல்வாள்.

சந்தேகப் பட்டியலில் அன்றைக்கு முதல் ஆள், நடு ஷாஃப்ட். முன்னாலிருக்கும் இன்ஜினின் இழுப்பைப் பின் சக்கரங்களுக்குக் கொண்டுபோகிற நீளமான இரும்புத் தண்டு. அதைக் கழற்றி வைத்துவிட்டு முன் சக்கரங்களை மட்டும் நம்பி ஓட்டிப் பார், சத்தம் நின்றால் குற்றவாளி பின்பக்கம் இருக்கிறான் என்றாள் வெத்தூரியா. டோரின் கழற்றினான். துருப்பிடித்த நாலு போல்ட்டும் ஒன்றன்பின் ஒன்றாக அவன் விரல் தோலை உரித்துக்கொண்டுதான் வெளியே வந்தன. ரஃபீலாவைப் பக்கத்தில் உட்காரவைத்து ஆற்றோரச் சாலையில் ஓட்டினான். நாற்பது. நாற்பத்தைந்து. அமைதி. ரஃபீலா மீட்டரையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஐம்பதில் அது ஆரம்பித்தது.

டோரின் ஸ்டியரிங்கை உள்ளங்கையால் ஓங்கி அடித்தான். ஹாரன் அலறியது. பாதையோரம் நின்ற ஒரு மாடு அவர்களைக் கேவலமாகப் பார்த்தது.

"ஷாஃப்ட் நிரபராதி," என்றான், பட்டறைக்குத் திரும்பியதும். "விடுதலை பண்ணிட்டேன். பின் சக்கரம் ரெண்டுக்கும் நடுவுல இருக்கற பல்சக்கர உருண்டையும் நிரபராதி. ஷாஃப்டே இல்லாதப்போ அதுக்கு ஏது வேலை? மறுபடியும் சக்கரம்தான் அக்கா. முன் சக்கரம் ரெண்டையும் பிரிக்கறேன். அதுவும் இல்லன்னா ஸ்டெப்னிய பிரிக்கறேன்."

"சத்தம் அப்படியேவா இருந்துச்சு?"

"கொஞ்சம் இளைச்சிருந்துச்சு. உடம்பு சரியில்லாத வண்டி, இளைக்கத்தானே செய்யும்."

"ஏன் இளைச்சுது?"

டோரின் கழற்றி வைத்த ஷாஃப்டைக் காலால் உருட்டிப் பார்த்தான். சக்கரத்துப் பேரிங் முனகினால் ஷாஃப்ட் இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒரே அளவில்தானே முனக வேண்டும்? அதற்கு எதற்கு இளைப்பு?

வண்டியை லிஃப்டில் தூக்கச் சொன்னாள். பின் சக்கரத்தைக் கையால் சுற்றச் சொன்னாள். அவன் சுற்றினான். அவள் சக்கரத்தைப் பார்க்கவில்லை. இரண்டு பின் சக்கரங்களுக்கும் நடுவில் தொங்குகிற இரும்பு உருண்டையைப் பார்த்தாள். ஷாஃப்டின் சுழற்சியை இருபக்கச் சக்கரங்களுக்கும் திருப்பிவிடும் பல்சக்கரங்கள் அதற்குள்தான் இருக்கின்றன. ஷாஃப்ட் பூட்டியிருந்த வட்டத் தகடு அந்த உருண்டையின் மூக்கில் தனியாக நின்றது. சும்மா நிற்கவில்லை. சக்கரத்தோடு சேர்ந்து அதுவும் சுற்றியது.

"ஷாஃப்ட் இல்ல. இது ஏன் சுத்துது, டோரின்?"

"சக்கரம் சுத்தினா உள்ள பெரிய பல்லு சுத்தும். பெரிய பல்லு சுத்தினா மூக்குல இருக்கற சின்னப் பல்லு, பினியன்..." என்று ஆரம்பித்தவன் பாதியில் நின்றான். கையிலிருந்த துணியைத் தரையில் வீசினான்.

வெத்தூரியா அவனை மிச்சம் சொல்ல விடவில்லை. நாம் ஊரைவிட்டு அனுப்பியது ஷாஃப்டை மட்டும்தான், பினியன் வீட்டிலேயே இருந்து சுற்றிக்கொண்டிருந்தது, பாரம் குறைந்தது, அதனால் முனகலும் குறைந்தது என்றாள். அதை அவள் அதட்டியும் சொல்லவில்லை, கேலியாகவும் சொல்லவில்லை. கேலி செய்திருந்தால் டோரினுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

அவனுக்கு இன்னும் ஒரு வாதம் மிச்சமிருந்தது. உருண்டைக்குள் பேரிங் கெட வேண்டுமென்றால் எண்ணெய் ஒழுகியிருக்க வேண்டும். திங்கட்கிழமையிலிருந்து இந்தத் தரையில் ஒரு சொட்டு இல்லை. வண்டியின் அடிப்பாகம் கழுவிய தட்டு மாதிரி சுத்தமாக இருக்கிறது. அவள் உருண்டையில் எண்ணெய் ஊற்றும் துளையின் மூடியைக் காட்டினாள். திறந்தான். சுண்டுவிரலை விட்டான். விளிம்பில் எண்ணெய் நிற்க வேண்டும். விரல் காய்ந்து வெளியே வந்தது. கம்பியை வளைத்து விட்டுப் பார்த்ததில் அடியாழத்தில் தார் மாதிரி ஏதோ ஒட்டியது.

"சொட்டலதான்," என்றாள் வெத்தூரியா. "சொட்ட என்ன இருக்கு?"

ரஃபீலா சீட்டைவிட்டு எழுந்து வந்தாள். வெத்தூரியா அவளிடம் வேறு எதையும் கேட்கவில்லை. காரின் வயிற்றை யார் கழுவினார்கள் என்று மட்டும் கேட்டாள். வெளியே கழுவுகிறவர்கள் உண்டு, உள்ளே துடைக்கிறவர்கள் உண்டு. காரைக் குப்புறப் போட்டுக் குளிப்பாட்டியதுபோல அடியில் கழுவியவர் யார்?

அவளுடைய ஞானத்தகப்பன் என்றாள் ரஃபீலா. இலாரியே. அவள் கல்யாணத்தில் மெழுகுவர்த்தி பிடித்து நின்றவர், மகளுக்குப் பெயர் வைத்தவர். இத்தாலிக்குப் போகும்போது வண்டியை அவர் முற்றத்தில்தான் விட்டுவிட்டுப் போனாள். பாட்டரி செத்துப்போகாமல் இருக்க ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு மட்டும் எடுத்துப் போகிறேன், அதற்குமேல் ஒரு அடி ஓட்டமாட்டேன் என்று சொன்னார். திரும்பி வந்தபோது பளபளவென்று கழுவி, டாங்க் நிறையப் பெட்ரோல் போட்டுத் தந்தார். அந்தப் பக்கத்தில் எந்த வீட்டிலும் இரவல் வாங்கிய பொருளைக் கழுவாமல் திருப்பிக் கொடுக்கமாட்டார்கள். பாத்திரமானாலும் சரி, கோடாரியானாலும் சரி.

வெத்தூரியா ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்தாள். கதவோரத்தில் ஒரு காகிதச் சீட்டு ஒட்டியிருந்தது. ரஃபீலா கிளம்புவதற்கு முந்தைய வாரம் இன்ஜின் எண்ணெய் மாற்றி, நாலு புது டயரும் போட்டபோது பட்டறைக்காரர் கிலோமீட்டரைக் குறித்து ஒட்டியது. அதையும் மீட்டரையும் மாறி மாறிப் பார்த்தாள். ரஃபீலா திரும்பி வந்தபின் ஓட்டிய இருநூறைக் கழித்தாள். மிச்சம் மூவாயிரத்து நானூறு.

"கோயில் எவ்வளவு தூரம்?"

"ரெண்டு கிலோமீட்டர்," என்றாள் ரஃபீலா.

டோரினுக்கு நாக்கைக் கட்ட முடியவில்லை. "ஒவ்வொரு ஞாயிறும் ஜெருசலேமுக்கே போய் பூசை பார்த்துட்டு வந்திருக்கார் போல," என்றான்.

பினியன் பேரிங்குக்குச் சொல்லியாகிவிட்டது. நகரத்துக் கடையிலிருந்து மினி பஸ் ஓட்டுநர் மடியில் வைத்துக்கொண்டு மதியத்துக்குள் கொண்டுவந்துவிடுவார். அதுவரை டோரின் உருண்டையைப் பிரித்தான். பினியனின் முன் பேரிங் கையோடு வந்தது. உருளைகள் நீலம் பாரித்து, மீன் செதில் மாதிரி உரிந்திருந்தன. உருண்டையில் எண்ணெய் குறைந்தால் முதலில் பட்டினி கிடப்பது மூக்கோரத்தில் உயரமாக இருக்கும் இந்தப் பேரிங்தான். பற்கள் தப்பித்திருந்தன. இன்னும் ஒரு மாதம் ஓட்டியிருந்தால் அவையும் போயிருக்கும்.

அவனுக்கு இவ்வளவு போதும். கொலையுண்டவர் கிடைத்தார், புதியவரை வைத்து மூடிவிடலாம். வெத்தூரியா ஒத்துக்கொள்ளவில்லை. எண்ணெய் எப்படி வெளியே போனது என்று தெரியாமல் புதுப் பேரிங்கைப் போட்டால் கிறிஸ்துமஸுக்குள் அதுவும் சாகும், அதுவும் மலைமேல், பனியில், இவள் ஒரு பிரசவத்துக்குப் போகும்போது சாகும் என்றாள். அப்புறம் கழற்றி வைத்திருந்த பின் சக்கரங்களிடம் போனாள். பூனையைத் தடவுகிற மாதிரி டயரை உள்ளங்கையால் தடவினாள். முன் சக்கரங்களையும் தடவினாள். இடது பின் டயருக்கு வந்ததும் கை நின்றது. வலது பின் சக்கரத்தின் இரும்பில் இருந்த கீறல்களை நகத்தால் சுரண்டிப் பார்த்தாள். டோரின் அந்த இரண்டு சக்கரங்களையும் இந்த வாரத்தில் இரண்டு முறை தன் கையாலேயே கழற்றி மாட்டியிருந்தான்.

"வேனை எடு," என்றாள்.

இலாரியேயின் வீட்டுக்கு வர ரஃபீலாவுக்கு மனமில்லை. வண்டி போனால் போகட்டும், ஞானத்தகப்பனிடம் போய்க் கணக்குக் கேட்கிற முகம் எனக்கில்லை என்றாள். வெத்தூரியா வற்புறுத்தவில்லை. உன் மகளுக்குப் பெயர் வைத்தவர் முகத்தைப் பார்ப்பதா, உன் மகள் முகத்தைப் பார்ப்பதா என்று நீயே முடிவு செய்துகொள் என்றாள். வேன் கிளம்பும்போது ரஃபீலா பின்சீட்டில் இருந்தாள்.

இலாரியேக்கு எழுபது இருக்கும். அகலமான தோள், அதைவிட அகலமான தொப்பி. வந்தவர்களை எதற்கு வந்தீர்கள் என்று அவர் கேட்கவில்லை. முதலில் உட்கார வைத்தார். பிளம் சாராயம் ஊற்றினார். முதல் கோப்பை காலியாகாமல் அந்த வீட்டில் எந்தப் பேச்சும் ஆரம்பிக்க முடியாது. வண்டி ஓட்டுகிற டோரின் கோப்பையை முகர்ந்துவிட்டு வைத்தான். அதற்கும் அவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டியிருந்தது. அப்புறம் ஆட்டுப்பாலாடைக்கட்டி. அப்புறம் வெங்காயம். டோரின் மேசைக்கு அடியில் காலை ஆட்டிக்கொண்டிருந்தான். மணி பதினொன்றரை. பட்டறையில் ஒரு கார் மூக்கில்லாமல் தொங்கிக்கொண்டிருந்தது.

கடைசியில் ரஃபீலாதான் உடைத்தாள்.

"மூவாயிரத்து நானூறு கிலோமீட்டர், ஞானப்பா. எங்க போனீங்க?"

அவர் முகம் சிவந்தது. தொப்பியைக் கழற்றினார். சுவரில் இருந்த மாதா படத்தைப் பார்த்துச் சிலுவை போட்டுக்கொண்டார்.

"என் கேட்டைத் தாண்டல, மகளே. ஞாயித்துக்கிழமை பூசைக்கு எடுத்துப் போறேன்னு சொன்னேன், அதுகூட எடுக்கல. நடந்துதான் போனேன். ரோட்டுல ஓடினா தேயும்னு எனக்குத் தெரியாதா? அடுத்தவங்க பொருள். ஒரு நாள்கூட வெளிய எடுக்கல."

"அப்போ மீட்டர் தானா ஓடுச்சா?"

அவள் குரல் உயர்ந்துவிட்டது. அந்த வீட்டில் அந்தக் குரலை அவள் எடுத்ததே இல்லை. ஐந்து மாதம், ஏழு வருஷமாக வருஷத்துக்கு ஐந்து மாதம், இந்த ஒரு வண்டி, இந்த ஒரு வேலை என்று என்னென்னவோ கொட்டினாள். இலாரியே அவளைத் தடுக்கவில்லை. பொய் சொல்லவில்லை என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். டோரினுக்கு அவர் மேல் கோபம் பொங்கியது. இவ்வளவு வயதாகி, படத்தைப் பார்த்துக்கொண்டே இப்படியா?

வெத்தூரியா எழுந்து ஜன்னலோரம் போய் நின்றாள். "பொய் சொல்லல, ரஃபீலா," என்றாள். "அவர் சொல்றது அத்தனையும் நிஜம்."

அவள் வாசல் வழியாக இறங்கி, கொட்டகைக்குப் பின்னால் நடந்தாள். மற்றவர்கள் பின்னால் போனார்கள். அங்கே மரத்தூள் ஒரு ஆள் உயரத்துக்குக் குவிந்திருந்தது. பக்கத்தில் விறகு அறுக்கும் வட்ட ரம்பம், அதன் அச்சில் மாட்டிய அகலமான தோல் பட்டை. ரம்பத்தை ஓட்டிய பழைய இன்ஜின் தலை வேறு உடல் வேறாகப் பிரிந்து மூலையில் கிடந்தது. ரம்பத்துக்கு எதிரே நாலு மரக்கட்டைகள் தரையில் புதைந்து நின்றன. ஒரு சின்னக் காரின் நாலு மூலைக்குச் சரியான இடைவெளியில்.

டோரின் கட்டைகளுக்கு நடுவே போய் நின்று கைகளை விரித்து அளந்தான்.

"புது டயர்ல ரப்பர் முடி முளைச்சிருக்கும், பாத்திருக்கியா?" என்று அவள் டோரினிடம் கேட்டாள். "மூவாயிரம் கிலோமீட்டர் ரோட்டைத் தேச்ச டயருக்கு முடி ஏது? இந்த வண்டியில மூணு டயருக்கு இன்னும் பள்ளத்துக்குள்ள முடி இருக்கு. நாலாவதுக்கு நடுமண்டையில மட்டும் ஒரு கை அகலத்துக்கு வழுக்கை. இந்த ரம்பத்துப் பட்டை ஓடின எடம். வலப்பக்கச் சக்கரம் சும்மா சுத்திடாம சங்கிலி போட்டுக் கட்டியிருக்கார். வண்டி நின்ன எடத்துலயே மூவாயிரத்து நானூறு ஓடியிருக்கு."

இலாரியே தலையை ஆட்டினார். அவருக்கு இதில் மறைக்க ஒன்றும் இருப்பதாகவே தோன்றவில்லை. ரம்பத்தின் இன்ஜின் செப்டம்பர் முதல் வாரத்தில் போய்விட்டது, மரமெல்லாம் அதற்குள் முற்றத்துக்கு வந்துவிட்டது, பனிக்கு முன்னால் அறுக்க வேண்டும். முன்பெல்லாம் டிராக்டர் சக்கரத்தில் பட்டை மாட்டி அறுப்பார்கள், டிராக்டரை விற்றாகிவிட்டது. வண்டியைக் கட்டைமேல் தூக்கி வைத்தேன், ரோட்டுக்குக் கொண்டுபோகவில்லை, பெட்ரோல் என்னுடையது, கழுவித்தானே கொடுத்தேன் என்றார். கடைசியாக, நிஜமாகவே தெரிந்துகொள்ள விரும்புகிறவர் மாதிரி கேட்டார்.

"நின்ன எடத்துல நின்னா தேயுமா?"

ரஃபீலா மரத்தூள் குவியலைப் பார்த்துக்கொண்டே நின்றாள். இவ்வளவு விறகு யாருக்கு என்று கேட்டாள். அவர் தொப்பியைக் கையில் சுற்றினார். மேல்வீட்டு விதவைக்கு, பள்ளிக்கூடத்து அடுப்புக்கு, காலில்லாத தபால்காரனுக்கு என்று வரிசையாகச் சொல்லி வந்தவர் குரலைத் தாழ்த்தி, உன் அம்மா வீட்டுக்கும்தான் என்றார். அந்த விறகை அம்மா விலைக்கு வாங்கியதாக ரஃபீலா நினைத்திருந்தாள்.

அவள் வேனுக்குத் திரும்பி நடந்தாள். டோரின் கதவைத் திறந்துவிட்டான். "கோபப்படக்கூட விடமாட்டேங்கறாங்க," என்றாள் அவனிடம். உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

பட்டறைக்கு இலாரியேயும் வந்தார். யாரும் கூப்பிடவில்லை, ஏறிக்கொண்டார்.

பேரிங் வந்து காத்திருந்தது. வெத்தூரியா உருண்டையின் உச்சியிலிருந்து சுண்டுவிரல் பருமனான ஒரு குழலைப் பிடுங்கினாள். வண்டி ஓடும்போது உருண்டை சூடாகும், உள்ளேயிருக்கும் காற்று விரியும். அது வெளியே போக வழி இந்தக் குழல். ஊதிப் பார்த்தாள், காற்று போகவில்லை. கம்பியால் குத்தினாள். ஈரம் குடித்து இறுகிப்போன மரத்தூள், மெழுகுவர்த்தித் துண்டு மாதிரி முழுசாக வெளியே வந்து விழுந்தது. மூச்சு அடைபட்ட உருண்டை, மூக்கோரத்தில் எண்ணெயைத் தடுக்கும் ரப்பர் சீல் வழியாக எண்ணெயை வெளியே துப்பியிருக்கிறது. துப்பிய எண்ணெயையெல்லாம் இலாரியே நல்ல மனசோடு தண்ணீர் பீய்ச்சிக் கழுவிவிட்டார். இலாரியே அந்த மரத்தூள் துண்டைக் கையில் வாங்கி வெகுநேரம் பார்த்தார். அப்புறம் ஒரு தகரத்தில் பெட்ரோலை ஊற்றிக்கொண்டு தரையில் உட்கார்ந்து, கழற்றிய போல்ட்டுகளை ஒவ்வொன்றாகக் கழுவ ஆரம்பித்தார்.

"கொலைகாரரே வந்து எனக்கு எடுபிடி வேலை பாக்கறார்," என்று டோரின் வெத்தூரியாவின் காதில் முணுமுணுத்தான். "போலீஸ்ல சொன்னா நம்பமாட்டாங்க."

அதற்கப்புறம் அவனுக்குக் கேலி வரவில்லை. பினியனை மூடுவது பொல்லாத வேலை. இரண்டு பேரிங்குகளுக்கும் நடுவில் ஒரு இரும்பு வளையம் வைத்து, நட்டை இறுக்க இறுக்க அது நசுங்கும். பினியன் லேசான பிடிமானத்தோடு சுற்றுகிற அளவில் நிறுத்தவேண்டும். கொஞ்சம் குறைந்தால் ஆடும், கொஞ்சம் கூடினால் பேரிங் வெந்துபோகும். கூடிவிட்டால் தளர்த்தவும் முடியாது; நசுங்கின வளையம் நசுங்கினதுதான். நீளக் குழாயை ஸ்பானரில் சொருகித் தொங்கினான் டோரின். இறுக்கினான், கையால் சுற்றிப் பார்த்தான். இறுக்கினான், சுற்றினான். மூன்று மணி. நாலு மணி. இன்னும் ஒரு மயிரிழை. அவன் குழாயை அழுத்தினான். உள்ளே ஏதோ விட்டுக்கொடுத்தது. பினியனைச் சுற்றினான், அது கல் மாதிரி நின்றது.

அவன் ஸ்பானரைச் சுவரில் எறிந்தான். ரஃபீலா எழுந்து நின்றாள். இலாரியேயின் கை தகரத்துக்குள்ளேயே நின்றுவிட்டது. நகரத்துக் கடை ஐந்து மணிக்கு மூடிவிடும், மினி பஸ் இனி நாளைக்குத்தான், நாளை பத்து மணிக்கு ஆய்வாளர். அந்த மூவரையும் பார்க்க முடியாமல் டோரின் தன் கைகளைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

வெத்தூரியா கோட்டுப் பையில் கையை விட்டு, காகிதம் சுற்றிய இன்னொரு வளையத்தை எடுத்து அவன் உள்ளங்கையில் வைத்தாள்.

"ரெண்டா சொல்லியிருந்தேன்," என்றாள். "உன் கையை எனக்குத் தெரியும்."

வாழ்நாளில் அவ்வளவு மோசமாக அவனை யாரும் அவமானப்படுத்தியதில்லை. அவ்வளவு சந்தோஷமாக அவனும் அவமானப்பட்டதில்லை. மறுபடி பிரித்தான், மறுபடி மூடினான். இந்த முறை வெத்தூரியா பினியனில் விரலை வைத்துக்கொண்டு போதும் என்று சொல்லும்வரை இறுக்கினான். புது சீல், புது எண்ணெய். மூச்சுக்குழலைத் தண்ணீரும் தூசும் எட்டாத உயரத்துக்கு நீட்டிக் கட்டினாள் வெத்தூரியா. பொழுது சாய்வதற்குள் ஆற்றோரச் சாலையில் ஐம்பது, அறுபது, எழுபது. டயர் சாலையைத் தேய்க்கும் சத்தம் கேட்டது. டோரின் நம்பவில்லை. இரண்டாம் முறை போய்வந்தான். அப்போதும் நம்பவில்லை.

வெள்ளிக்கிழமை சரியாகப் பத்து மணிக்கு ஆய்வாளர் வந்தார். பொம்பிலியு என்று பெயர். காபி வேண்டாம் என்றார், பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ரஃபீலாவின் பக்கத்தில் ஏறினார். கடைசிக் குடியிருப்புவரை போய்த் திரும்ப அரைமணி நேரம் என்றார்.

பத்தரை ஆனது. பதினொன்று ஆனது. பதினொன்றரைக்கு டோரின் வாசலுக்கும் லிஃப்டுக்குமாக நடந்த நடையில் தரையே தேய்ந்திருக்கும். நட்டை மறுபடி மறுபடி மனதில் இறுக்கிப் பார்த்தான். பேரிங் சூடாகியிருக்குமோ? சீல் பிதுங்கியிருக்குமோ? வெத்தூரியா மக்காச்சோளக் களியைப் பாலாடைக்கட்டியோடு நிதானமாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். அதுவே அவனுக்கு எரிச்சலாக இருந்தது. இலாரியே தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு சாலைக்குக் காது கொடுத்து உட்கார்ந்திருந்தார். பன்னிரண்டு அடித்தபோது டோரின் இழுவைக் கயிற்றை எடுத்துத் தோளில் போட்டான். மலையில் எங்கே நின்றுபோயிருந்தாலும் இழுத்து வருகிறேன், வேன் சாவி எங்கே என்று வெத்தூரியாவைக் கேட்டான். அவள் கரண்டியால் அவன் முதுகுக்குப் பின்னால் காட்டினாள்.

கார் வாசலில் நின்றிருந்தது. எப்போது வந்தது என்று ஒருவருக்கும் தெரியவில்லை.

ரஃபீலா இறங்கவில்லை. ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துச் சாய்ந்திருந்தாள். தோள் குலுங்கியது. அழுகையா சிரிப்பா என்று டோரினால் சொல்ல முடியவில்லை. பொம்பிலியு மறுபக்கம் இறங்கினார். கக்கத்தில் துணியில் சுற்றிய பாலாடைக்கட்டி ஒன்று இருந்தது. சட்டைக் கை ஒன்று முழங்கைக்கு மேல் சுருட்டியிருந்தது. நர்ஸ் வந்திருக்கிறாள் என்று எப்படியோ தெரிந்து வழியில் மறித்துவிட்டார்கள், மூன்று வீட்டில் ரத்த அழுத்தம் பார்த்தாள், ஒரு குழந்தைக்குக் காது பார்த்தாள், கடைசியில் எனக்கும் பார்த்துவிட்டாள், நூற்று அறுபது இருக்கிறதாம், உப்பைக் குறைக்கச் சொல்கிறாள் என்று புகார் சொன்னார். பெட்டியைக் காரின் மூக்கில் வைத்து, தாளை எடுத்து, நர்ஸ் என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டார். வண்டி என்ற இடத்தில் பேனா நின்றது.

"வண்டியைக் கவனிக்கவே மறந்துட்டேன்," என்றார்.

"அதையே எழுதுங்க, சார்," என்றான் டோரின். இழுவைக் கயிறு இன்னும் அவன் தோளில்தான் இருந்தது.